எந்த ஊர் இரவு?

ஞாயிற்றுக்கிழமை என்றால் வீட்டில் எல்லோருக்கும் ஓய்வு. குசினிக்கு மட்டும் ஓய்வில்லை. கிழமை நாட்களில் பாணும் சம்பலுமாகவோ, கடையில் வாங்கிய பணிஸ் ஒன்றும் தேநீருமாகவோ அவசரம் அவசரமாக உண்டுவிட்டுப் பாடசாலைக்கு ஓடிய பிள்ளைகள், ஞாயிறன்று, "இன்றைக்கு என்ன விசேஷம், அம்மா?" என்று கேட்டவண்ணம் எழுந்து வருகிறார்கள். அவர்கள் கேட்பதிலும் தவறில்லை. குடும்பம் முழுவதும் ஒன்றாக அமர்ந்து உண்ணும் காலை வாரத்தில் அது ஒன்றுதான். ஆனால் பிட்டு அவிப்பதாயினும் இடியப்பம் பிழிவதாயினும், அம்மா விடியுமுன் எழுந்து அடுப்பு மூட்டியாக வேண்டும். எல்லோரும் ஒன்றாக அமரும் அந்த ஒரு வேளையிலும் அவள் மட்டும் அடுப்படியில் நிற்கிறாள்.

இந்தக் குறையைத் தீர்க்கக்கூடிய பலகாரம் ஒன்றைப் பற்றியே இவ்வாரம் எழுத விரும்புகிறேன். இரவிலே பிசைந்து, உருட்டி, அடுக்கி வைத்துவிட்டு உறங்கச் செல்லலாம். காலையில் எழுந்து போறணையில் வைத்தால் போதும். சிறு சிறு மா உருண்டைகளை உருக்கிய பட்டரில் தோய்த்து, சீனியும் கறுவாத்தூளும் கலந்த கலவையிற் புரட்டி, ஒன்றோடொன்று நெருக்கி அடுக்கி வேகவைக்கும் இனிப்புப் பாண் அது. கத்தி வேண்டியதில்லை, சுற்றி அமர்ந்து அவரவர் தம் கையாலேயே பிய்த்து உண்ணலாம். நமது பேக்கரிகளில் தட்டோடு ஒட்டி வெந்து வரும் பணிஸை ஒவ்வொன்றாகப் பிய்த்தெடுக்கிறோமே, அதனுடைய செல்வந்த உறவினர் என்று இதனைச் சொல்லலாம்.

ஹங்கேரி நாட்டிலே இதனைப் பொன்னுருண்டை என்று பொருள்படும் பெயரால் அழைக்கிறார்கள். அங்கிருந்து அமெரிக்காவிற் குடியேறிய யூதக் குடும்பங்கள் அதனைத் தம்முடன் கொண்டு சென்றன. 1972ஆம் ஆண்டில் பெற்றி குரொக்கர் சமையற் புத்தகம் ஒன்றில் அதன் செய்முறை இடம்பெற்றது. இன்று அமெரிக்கர் அதனைக் குரங்குப் பாண் என்று வேடிக்கையாக அழைப்பர். பெயர் எதுவாயினும் பிள்ளைகளுக்குப் பிடித்த பண்டம் அது என்பதில் ஐயமில்லை.

இத்தகைய வெளிநாட்டுச் செய்முறை ஒன்றைப் பார்த்து நான் முதன்முதலாக இதனைச் செய்தது ஓர் ஆடி மாதத்தில். "ஈஸ்டைச் சேர்த்துப் பிசைந்து, மூடி, இரவு முழுவதும் வைத்துவிடுக" என்றிருந்தது. எழுதியிருந்தபடியே அளந்தேன், எழுதியிருந்தபடியே மூடி வைத்தேன். காலையில் எழுந்து பார்த்தபோது மா பாத்திரத்தின் விளிம்பைத் தாண்டி மேசையில் வழிந்து, பின் அமிழ்ந்து, சேறுபோற் கிடந்தது. புளித்த வாடை வீடெங்கும் பரவியிருந்தது. என் கணவர் எட்டிப் பார்த்து, "குசினிக்குள்ள தவறணை திறந்தாச்சா?" என்று கேட்டுவிட்டுப் பாண் வாங்கக் கடைக்குப் போனார். அரைக் கிலோ மா, முட்டை, பட்டர் எல்லாம் வீண். பிள்ளைகளின் முகத்தைப் பார்க்கவும் எனக்கு மனமில்லை.

அயலிலே வயது முதிர்ந்த பறங்கிய அம்மையார் ஒருவர் இருக்கிறார். கிறிஸ்மஸ் பலகாரங்களிற் கைதேர்ந்தவர். அவரிடம் சென்று, "எழுதியிருந்தபடிதான் செய்தேன், அன்ரி, எங்கே பிழைத்தது?" என்று முறையிட்டேன். அவர் புத்தகத்தைத் திறந்துகூடப் பார்க்கவில்லை. "பிள்ளை, அந்தப் புத்தகத்தில எந்த ஊர் இராவெண்டு எழுதியிருக்கு?" என்று மட்டும் கேட்டார்.

அந்தக் கேள்வியில் எல்லாம் அடங்கியிருந்தது. கிராம், தேக்கரண்டி, மேசைக்கரண்டி என்பன போல இரவு என்பதும் ஓர் அளவு. தேக்கரண்டி எல்லா ஊரிலும் ஒன்றே. இரவு அவ்வாறன்று. மட்டக்களப்பு வாவிக்கரையின் இரவு வேறு, ஐரோப்பியக் குசினியின் இரவு வேறு.

இதன் காரணத்தை மாணவர்கள் தம் விஞ்ஞானப் பாடத்தோடு பொருத்திப் பார்க்கலாம். ஈஸ்ட் என்பது ஓர் உயிர். பாடநூல்கள் அதனை மதுவம் என்று குறிப்பிடுகின்றன. கண்ணுக்குப் புலப்படாத இந்த நுண்ணுயிரே நொதித்தலை நிகழ்த்துகிறது என்பதைப் பிரெஞ்சு விஞ்ஞானி லூயி பாஸ்டர் 1850களில் தொடங்கிய ஆய்வுகளால் நிலைநாட்டினார். மாவிலுள்ள வெல்லத்தை உண்டு மதுசாரத்தையும் காபனீரொட்சைட்டு வாயுவையும் அது வெளிவிடுகிறது. கோதுமை மாவைப் பிசையும்போது குளுட்டன் என்னும் புரதம் வலைபோலப் பின்னிக்கொள்ளுமாதலால், வெளிப்படும் வாயு அவ்வலைக்குள் அகப்பட்டு மாவை உப்பச் செய்கிறது. சூழல் வெப்பம் 10 பாகை ஏறினால் இந்த வேலை ஏறக்குறைய இரு மடங்கு விரைவாக நடக்கும். குளிர்நாட்டுக் குசினி ஒன்று இரவில் 17 பாகையில் இருக்குமென்று கொள்வோம். நம் ஊரில் ஆனி, ஆடி மாதங்களில் நள்ளிரவிற்கூட 26, 27 பாகைக்குக் கீழே இறங்குவது அரிது. ஆகவே அங்கே எட்டு மணி நேரத்தில் நடக்கும் வேலை இங்கே நான்கு மணி நேரத்தில் முடிந்துவிடும். நாம் உறங்கிக்கொண்டிருக்கும் மிகுதி நான்கு மணி நேரமும் மா புளித்துக்கொண்டே போகிறது. வாயு மிகுந்து வலை அறுகிறது, மா அமிழ்கிறது, வெல்லமெல்லாம் தின்னப்பட்டுவிடுவதால் வெந்த பின்னும் நிறம் பிடிப்பதில்லை.

இதிலே வேடிக்கை என்னவென்றால், இந்த உண்மை நமக்குப் புதிதே அன்று. அப்பத்துக்கு மாக் கரைத்து வைக்கும் எந்தப் பெண்ணும் இதனை அறிவாள். கச்சான் காற்று வீசும் காலத்தில் கள்ளைக் குறைத்து ஊற்றுவாள், பிந்திக் கரைப்பாள். வாடைக் காற்றோடு மழை பெய்யும் மார்கழியில் சற்றுக் கூட்டி ஊற்றி, அடுப்புக்கு அருகில் நகர்த்தி வைப்பாள். யாரும் அவளுக்குப் பாகைக் கணக்குச் சொல்லிக் கொடுக்கவில்லை. தென்னங்கள்ளில் இருப்பதும் அதே மதுவ இனந்தான். அப்பச் சட்டிக்கு முன்னால் விஞ்ஞானியாக விளங்கும் நாம், வெளிநாட்டுப் புத்தகத்தைத் திறந்தவுடன் கைப்பழக்கத்தை மறந்துவிடுகிறோம். அன்று நான் மறந்ததும் அதைத்தான்.

அந்த அம்மையாரின் கைப்பழக்கத்துக்கும் ஒரு வரலாறு உண்டு. போர்த்துக்கேயர் 1628ஆம் ஆண்டில் புளியந்தீவிலே கோட்டை கட்டினார்கள். 1638ஆம் ஆண்டில் அது ஒல்லாந்தர் வசமாயிற்று. பாண், போறணை, குசினி, மேசை என நாம் நாளாந்தம் வழங்கும் சொற்கள் போர்த்துக்கேயர் விட்டுச் சென்றவை. ஒல்லாந்தரின் வழியாக வந்தது புரூடர் என்னும் பண்டம். முட்டை, பட்டர், சீனி, முந்திரிகை வற்றல் ஆகியன சேர்த்து, ஈஸ்டினாற் பொங்கவைத்து, நடுவிலே துளையுள்ள வரிவரியான அச்சிலே வேகவைக்கும் இனிப்புப் பாண் இது. இலங்கையிலுள்ள பறங்கியர் இல்லங்களில் கிறிஸ்மஸ் காலையிலும் புத்தாண்டுக் காலையிலும் எடாம் சீஸுடனும் வாழைப்பழத்துடனும் இதனை உண்பது வழக்கம்.

ஒல்லாந்தர் கால்வைத்த ஏனைய துறைமுகங்களிலும் இதன் சுவடு உண்டு. 1663இல் அவர்கள் கைப்பற்றிய கொச்சியிலே இப்பெயருடைய பாண் இன்றும் சுடப்படுகிறது. 1641இல் கைப்பற்றிய மலாக்காவிலோ, அங்குள்ள யூரேசியக் குடும்பங்கள் இதனைக் கள்ளூற்றிப் பொங்கவைக்கின்றன. குளிர்நாட்டிலே பிறந்த பண்டம் தென்னைமரம் நிற்கும் கரைக்கு வந்து சேர்ந்தவுடன், அந்தக் கரையின் கள்ளையும் அந்தக் கரையின் வெப்பத்தையும் ஏற்றுக்கொண்டது. ஏற்றபடியாற்றான் மூன்று நூற்றாண்டுகள் கடந்தும் வாழ்கிறது.

முற்காலத்திற் புரூடர் செய்யும் வீடுகளில் மாவை முதலிலிருந்து பிசைவதில்லை. பேக்கரியிலே பாணுக்குப் பிசைந்து பொங்கிய மாவில் ஓர் இறாத்தல் வாங்கி வந்து, முட்டையையும் பட்டரையும் சீனியையும் சிறிது சிறிதாக அதனுட் பிசைந்து சேர்ப்பார்கள். இரவிற் பொங்கவிட்டு, விடியற்காலையிற் பேக்கரிப் போறணைக்குக் கொடுத்தனுப்புவதும் உண்டு. இதைச் சொல்லும்போது அம்மையார், "எங்கட அம்மா கையை மாவுக்குள்ள வைச்சுப் பார்த்துத்தான் நேரம் சொல்லுவா" என்றார்.

இனிச் செய்முறைக்கு வருவோம். குளிர்சாதனப் பெட்டி உள்ள வீட்டுக்கு ஒரு வழி, இல்லாத வீட்டுக்கு ஒரு வழி என இரண்டாகத் தருகிறேன்.

குளிர்சாதனப் பெட்டி உள்ளவர்களுக்கு வேண்டியன: கோதுமை மா 500 கிராம், சீனி 60 கிராம், உப்பு 1 தேக்கரண்டி, உலர்ந்த உடனடி ஈஸ்ட் 1 தேக்கரண்டி, பால் 250 மில்லிலீற்றர், முட்டை 1, பட்டர் 60 கிராம். மேலே புரட்டுவதற்கு: உருக்கிய பட்டர் 75 கிராம், சீனி அல்லது தூளாக்கிய பனங்கட்டி 100 கிராம், கறுவாத்தூள் 2 தேக்கரண்டி. விரும்பினால் நறுக்கிய கஜு 50 கிராம்.

மாலை ஏழு மணியளவில் மாவை அரிதட்டில் அரித்து, சீனி, உப்பு, ஈஸ்ட் ஆகியவற்றைக் கலந்து, அடித்த முட்டையையும் பாலையும் ஊற்றிக் குழைத்துக்கொள்க. பாலைச் சூடாக்கவேண்டாம், நம் ஊரில் குளிர்ந்த பாலே நல்லது. மா ஒன்றுசேர்ந்த பின் பட்டரைச் சேர்த்து, பத்து நிமிடம் குறையாமல் பிசைக. முதலிற் கையில் ஒட்டும்; அதற்காக மேலும் மேலும் மாத் தூவலாகாது. பிசையப் பிசைய ஒட்டுதல் குறைந்து, காதுமடல் போல மெத்தென்றாகிவிடும். மூடி ஒரு மணி நேரம் வைத்தால் ஒன்றரை மடங்காகப் பொங்கும். பின் சிறிய தேசிக்காய் அளவிற் சுமார் 40 உருண்டைகளாக உருட்டி, பட்டரில் தோய்த்து, சீனிக் கலவையிற் புரட்டி, பட்டர் பூசிய கேக் தட்டில் அடுக்குக. தட்டிலே மூன்றில் ஒரு பங்கு வெறுமையாக இருக்கவேண்டும். நன்கு மூடிக் குளிர்சாதனப் பெட்டியின் கீழ்த் தட்டில் வைத்துவிட்டு உறங்கச் செல்லலாம். பெட்டிக்குள்ளே 4 பாகையில் ஈஸ்ட் ஏறக்குறைய உறங்கிவிடும். எட்டு முதல் பத்து மணி நேரம் வரை அஞ்சவேண்டியதில்லை.

காலையில் எழுந்தவுடன் தட்டை வெளியே எடுத்து வைத்துவிட்டு, பல் துலக்கித் தேநீர் குடித்து மற்ற வேலைகளைப் பாருங்கள். ஒரு மணி நேரத்தில், அல்லது சற்றுக் கூடிய நேரத்தில், உருண்டைகள் பருத்து ஒன்றையொன்று முட்டும். விரலால் மெல்ல அழுத்தினாற் குழி மெதுவாக மேலெழ வேண்டும், அதுவே பதம். உடனே எழுந்தால் இன்னும் பொறுக்க வேண்டும். எழவே இல்லையாயின் பொழுது கடந்துவிட்டது என்று பொருள். தாமதியாது போறணையில் வைத்துவிடுக. 180 பாகையில் 30 முதல் 35 நிமிடம் வேகும்.

குளிர்சாதனப் பெட்டி இல்லாத வீட்டில், முட்டையும் பாலும் சேர்ந்த மாவை இரவு முழுவதும் வெளியே வைப்பது உடல்நலத்துக்கு ஏற்றதன்று. ஆகையால் இரவிலே வேலையை இரண்டாகப் பிரித்துக்கொள்ள வேண்டும். ஒன்பது மணிக்கு 200 கிராம் மாவையும் 200 மில்லிலீற்றர் சுத்தமான தண்ணீரையும் சிறிதளவு ஈஸ்டோடு கரைத்து மூடி வையுங்கள். எத்தனை சிறிதளவு? இங்கேதான் ஊரின் இரவு வருகிறது. மார்கழி, தை மாதங்களில், இரவு 23, 24 பாகையாக இருக்கும்போது, அரைக்கால் தேக்கரண்டி. கச்சான் வீசும் காலத்தில் அதிற் பாதி, அதாவது இரு விரலால் எடுக்கும் ஒரு சிட்டிகை. இதைப் பார்த்து, "இவ்வளவு மாவுக்கு இது போதுமா?" என்று ஐயுறவேண்டாம். இரவு முழுவதும் அது பல்கிப் பெருகும்.

காலை ஐந்து மணிக்குப் பார்த்தால் மா நுரைத்துக் குமிழ்கள் நிறைந்து, நடுவில் இலேசாக அமிழத் தொடங்கியிருக்கும். அதனோடு 300 கிராம் மா, சீனி 60 கிராம், உப்பு 1 தேக்கரண்டி, பால்மா 2 மேசைக்கரண்டி, முட்டை 1, பட்டர் 60 கிராம், ஈஸ்ட் அரைத் தேக்கரண்டி, தண்ணீர் சுமார் 50 மில்லிலீற்றர் சேர்த்துப் பிசைந்து, அரை மணி நேரம் வைத்து, முன் சொன்னவாறு உருட்டி அடுக்குக. முக்கால் மணி நேரத்திற் பொங்கிவிடும். எட்டு மணிக்கு முன்னரே மேசைக்கு வந்துவிடும். இம்முறையிற் காலையிலும் சிறிது வேலை உண்டென்பது உண்மையே. எனினும் இரவு முழுவதும் மெல்லப் புளித்த மாவின் சுவை பாணில் நன்கு தெரியும்.

கறுவாவைப் பற்றி ஓர் எச்சரிக்கை. மணம் கமழ வேண்டுமென்று அதனை மாவோடு சேர்த்துப் பிசைந்துவிடாதீர்கள். கறுவாவில் உள்ள எண்ணெய் ஈஸ்டின் வேலையைத் தடுக்கும். மேற்பூச்சிற் சேர்ப்பதே முறை. அவ்வாறே சீனியை மாவிற் கூட்டிவிடுவதும் பயனற்றது. அளவுக்கு மிஞ்சிய சீனி தண்ணீரைத் தன்பால் இழுத்துக்கொள்வதால் ஈஸ்ட் தளர்ந்துவிடும். இனிப்பு வெளியே இருக்கட்டும். பட்டரும் சீனியும் சேர்ந்த அந்தப் பூச்சுத்தான் உருண்டைகள் ஒன்றோடொன்று முற்றாகக் கலந்துவிடாமல் தடுத்து, பிய்க்கும்போது இலகுவாகக் கழன்றுவரச் செய்கிறது.

புரூடர் அச்சின் நடுவிலே துளை இருப்பது அழகுக்காக மட்டுமன்று. தடித்த மாவின் நடுப்பகுதிக்கும் சூடு செல்வதற்காகவே. அத்தகைய அச்சு இல்லாதவர்கள் சாதாரண கேக் தட்டின் நடுவிலே எவர்சில்வர் பேணி ஒன்றை வெளியே பட்டர் பூசி நிறுத்தி, அசையாதிருக்க உள்ளே ஒரு பிடி அரிசி போட்டுச் சுற்றிவர உருண்டைகளை அடுக்கலாம்.

போறணை இல்லையே என்று கைவிடவும் வேண்டாம். அடிகனமான பெரிய சட்டியிலே மணல் பரப்பி, அதன்மேல் தட்டை வைத்து மூடி, கீழே மெல்லிய நெருப்பும், மூடியின்மேற் சிரட்டைத் தணலும் இட்டு வேகவைக்கலாம். தட்டை வைக்குமுன் மணலை இருபது நிமிடம் சூடாக்கிக்கொள்ள வேண்டும். மேல் நெருப்பு இல்லையேல் மேற்புறம் வெளிறிப்போகும். அன்றியும், பண்டிகைக் காலங்களிற் கேக் தட்டுகளைப் பேக்கரிக்குக் கொடுத்தனுப்பிச் சுட்டு வாங்கும் வழக்கம் நம்மிடையே உண்டுதானே? இதற்கும் அவ்வாறு கேட்டுப் பார்க்கலாம்.

வெந்தபின் ஐந்து நிமிடம் பொறுத்து, தட்டத்திற் கவிழ்த்துவிட வேண்டும். உடனே கவிழ்த்தால் உருகிய சீனிப்பாகு கையைச் சுட்டுவிடும். அதிகம் பிந்தினால் பாகு இறுகித் தட்டோடு ஒட்டிக்கொள்ளும்.

கச்சான் காலத்திற் குளிர்சாதனப் பெட்டியில்லாமல் மாவைக் குளிர்மையாக வைக்க எளிய வழி ஒன்று உண்டு. கரைத்த மாப் பாத்திரத்தை, ஈரத்துணி சுற்றிய மண்பானைக்குள் வைத்து, காற்றோட்டமான இடத்தில் விடுங்கள். துணியிலுள்ள நீர் ஆவியாகும்போது வெப்பத்தைக் கவர்ந்து செல்லும். கச்சான் வறண்ட காற்று. ஆதலால் நீர் விரைவில் ஆவியாகும். மழைக்கால வாடை ஈரம் மிகுந்தது; அப்போது இந்த உபாயம் அவ்வளவு பலிக்காது. ஆனால் அப்போது குளிர்மைக்குத் தேவையும் இல்லை. தேவையான காலத்திலேதான் இது நன்றாகப் பலிக்கிறது என்பது நமக்கு வாய்த்த வசதி.

மாணவர்கள் இதனை ஒரு பரிசோதனையாகவே செய்யலாம். கரைத்த மாவை மூன்று கண்ணாடித் தம்ளர்களில் ஒரே அளவாக ஊற்றி, மாவின் மட்டத்தில் நூல் கட்டி, ஒன்றைக் குசினியிலும், ஒன்றை யன்னலோரத்திலும், ஒன்றை ஈரத்துணிப் பானையிலும் வையுங்கள். ஒவ்வொரு மணி நேரமும் எவ்வளவு உயர்ந்தது என்று குறித்துக்கொள்ளுங்கள். எழுவான்கரையிற் கடலருகே இருக்கும் வீட்டுக்கும், படுவான்கரையில் வயல் நடுவே இருக்கும் வீட்டுக்கும் இரவு ஒன்றல்ல. ஒரே வீட்டிலும் ஓலைக் கூரைக்குக் கீழே ஓர் இரவு, தகரக் கூரைக்குக் கீழே வேறோர் இரவு. உங்கள் வீட்டு இரவை நீங்களே அளந்துகொள்ள வேண்டும்.

அப்படியும் ஒரு நாள் தவறிவிடலாம். தவறினால் மாவை எறிந்துவிடாதீர்கள். கோதுமை நம் நாட்டில் விளையும் தானியமன்று. 1942இல் பர்மா யப்பானியர் வசமாகி அங்கிருந்து அரிசி வருவது நின்ற பின்னரே, கோதுமை மாவும் பாணும் நம் வீடுகளில் ஆழமாக வேரூன்றின. திருகோணமலையில் மா ஆலை இயங்கத் தொடங்கியது 1980இல். அங்கே அரைபடும் கோதுமையும் கப்பலிலேதான் வந்து சேருகிறது. 2022ஆம் ஆண்டு நெருக்கடியின்போது மாவுக்கும் எரிவாயுவுக்கும் நாம் பட்ட பாட்டை மறந்துவிட முடியுமா? முட்டையும் பாலும் சேராத, இரவு கரைத்த மா மட்டும் புளித்துவிட்டதாயின், நன்கு கனிந்த வாழைப்பழம் இரண்டைப் பிசைந்து, சீனியும் சிறிது புதிய மாவும் சேர்த்து, வாய்ப்பனாகப் பொரித்துவிடலாம். அன்றைய காலைச் சாப்பாடு அவ்வாறு தப்பிவிடும். இதுவும் அந்த அம்மையார் சொல்லித் தந்ததே.

அவரைப் பற்றி இன்னும் ஒன்று சொல்ல வேண்டும். அவருடைய குடும்பம் முன்னர் டச்பாரிலே வாழ்ந்தது. 2004ஆம் ஆண்டு டிசம்பர் 26ஆந் திகதி, கிறிஸ்மஸுக்கு மறுநாட் காலையில், கடல் அப்பகுதிக்குள் புகுந்தது. அங்கே செறிந்து வாழ்ந்த பறங்கியர் சமூகம் அன்று பலரை இழந்தது, எஞ்சியவர்கள் இடம்பெயர்ந்தார்கள். தாம் இழந்தவர்களைப் பற்றி அவர் என்னிடம் பேசியதில்லை. தம் தாயாரின் சமையற் கொப்பியைப் பற்றி மட்டும் பேசுவார். புரூடரின் அளவுகள் எல்லாம் அதிலே எழுதப்பட்டிருந்தனவாம். எந்த மாதத்தில் எவ்வளவு ஈஸ்ட், எத்தனை மணிக்கு மூடி வைப்பது என்பதெல்லாம் ஓரத்திற் பென்சிலாற் குறிக்கப்பட்டிருந்தனவாம். வீட்டோடு அதுவும் போயிற்று.

"அளவெல்லாம் கையில இருக்கு, பிள்ளை. கை நடுங்கத் தொடங்கிட்டுது. நீ எழுதி வை" என்றார்.

எழுதி வைத்தேன். அவர் பிசையும்போது பக்கத்தில் நின்று, ஒவ்வொரு பிடியையும் தராசில் நிறுத்து எழுதினேன். மேலே நான் தந்த சிட்டிகைக் கணக்கு அவருடையது. "இரவு முழுவதும்" என்று ஓரிடத்திலும் அவர் சொல்லவில்லை. "மார்கழி எண்டால் ஒன்பது மணிக்கு, ஆடி எண்டால் பதினொரு மணிக்கு" என்றே சொன்னார்.

சகோதரிகளே, உங்கள் வீட்டிலும் இத்தகைய கணக்குகள் பல இருக்கும். அப்பத்துக்குக் கரைக்கும் நேரம், எருமைத் தயிருக்கு உறை ஊற்றும் பதம், இவையெல்லாம் அம்மாவின் கையிலும் அம்மம்மாவின் கையிலும் இருக்கின்றன. இவ்வாரம் பழைய அப்பியாசக் கொப்பி ஒன்றை எடுங்கள். அடுத்த சனிக்கிழமை இரவு இந்தப் பாணுக்கு மாப் பிசையும்போது, மாதம், காற்று, மூடி வைத்த மணி, இட்ட ஈஸ்ட், காலையிற் கண்ட பதம் என்ற ஐந்தையும் ஒரே வரியில் எழுதி வையுங்கள். பிள்ளைகளில் ஒருவரை எழுதச் சொல்வது இன்னும் நல்லது. ஓர் ஆண்டு முடிவில், உங்கள் வீட்டு இரவுக்கென்றே எழுதப்பட்ட செய்முறை ஒன்று உங்களிடம் இருக்கும். அதன் பிரதி ஒன்றை வேறோர் ஊரிலுள்ள உறவினர் வீட்டிலும் கொடுத்து வையுங்கள்.

சென்ற ஆடியில் நான் மீண்டும் செய்து பார்த்தேன். பதினொரு மணிக்கு மூடி வைத்து, ஈரத்துணிப் பானைக்குள் விட்டேன். காலையில் மா விளிம்புக்கு இரண்டு அங்குலம் கீழே, குமிழிட்டு நின்றது. பாணைக் கவிழ்த்து மேசையில் வைத்தபோது எட்டு மணி ஆகவில்லை. பிள்ளைகள் பிய்க்கத் தொடங்கினார்கள். என் கணவர் நாற்காலி ஒன்றை இழுத்து என் பக்கம் போட்டார். நானும் அவர்களோடு அமர்ந்துகொண்டேன்.